தகராறே இல்லாத பணத்தை ஏன் பிடிச்சு வச்சிருக்கீங்க?

தோழர்களே, பஸ் ஸ்டாண்டுல கோர்ட்டு அமீனா வந்து அரசு பஸ்ஸை ஜப்தி பண்ற வீடியோ அப்பப்போ நம்ம டைம்லைன்ல ஓடும். பயணிகளை இறக்கிவிட்டுட்டு கண்ணாடியில நோட்டீஸ் ஒட்டுவாங்க. கீழே நூறு சிரிப்பு எமோஜி. அந்த நோட்டீஸ் வர்றதுக்கு ஒரு குடும்பம் எத்தனை வருஷம் கோர்ட்டு வாசல்ல நின்னுச்சுன்னு யாரும் கேக்குறதில்லை.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். கொத்தனார், வயசு 32, மாச வருமானம் 15,000. அரசு பஸ் மோதி வலது கால் முழங்காலுக்குக் கீழே போச்சு. மெடிக்கல் போர்டு 60 சதவீத ஊனம்னு சான்றிதழ் தருது. எதிர்கால வருமான உயர்வுக்கு 40 சதவீதம் சேர்த்தா மாசம் 21,000, வருஷம் 2,52,000. இந்த வயசுக்கு சரளா வர்மா தீர்ப்பு (2009) சொல்ற பெருக்கல் எண் 16. ஆக 40,32,000. ஒத்தைக் காலோட சாரத்துல ஏற முடியாது, பொழைப்பு முழுசா போச்சுன்னு தீர்ப்பாயம் அந்த மொத்தத் தொகையையும் கொடுக்கச் சொல்லுது.

இது யாரும் போட்ட பிச்சை இல்லை. உடம்புல எத்தனை சதவீதம் ஊனம்ங்கிறது வேற, பொழைப்புல எத்தனை சதவீதம் போச்சுங்கிறது வேறன்னு 2010-லயே ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்குல உச்ச நீதிமன்றம் தெளிவா சொல்லிடுச்சு. இடது கை போன அரசு குமாஸ்தா வேலையில தொடரலாம். தச்சருக்கு கிட்டத்தட்ட எல்லாமே போச்சு.

ஆனா போக்குவரத்துக் கழகம் என்ன பண்ணும்? நேரா உயர் நீதிமன்றத்துல ஒரு சி.எம்.ஏ. போடும். "டாக்டரே 60-ன்னுதான் சொன்னார், நீங்க எப்படி 100 போட்டீங்க?" சரிங்க, உங்க வாதமே ஜெயிச்சதா வச்சுக்குவோம். அப்பவும் 24,19,200 கொடுத்துத்தான் ஆகணும். தகராறு மிச்சம் 16,12,800-ல மட்டும்தான். அந்த 24 லட்சத்தை எதுக்கு நிறுத்தி வைக்கிறீங்க?

மோட்டார் வாகனச் சட்டம் 173-வது பிரிவுப்படி மேல்முறையீடு போக 25,000 ரூபாய் அல்லது தீர்ப்புத் தொகையில பாதி, இதுல எது குறைவோ அதைக் கட்டினா போதும். 40 லட்சம் தீர்ப்புக்கு நுழைவுச் சீட்டு 25,000! தடை உத்தரவு கொடுக்கும்போது கோர்ட்டு ஒரு பகுதியையோ முழுசையோ டெபாசிட் பண்ணச் சொல்றது உண்டு, மறுக்கலை. ஆனா கோர்ட்டு கணக்குல பணம் விழுறதும் கொத்தனார் கைக்கு வர்றதும் ஒண்ணு இல்லை. எடுக்க தனி மனு, தனி வாய்தா.

"மக்கள் வரிப்பணம், சும்மா விட முடியுமா?"ன்னு கேப்பாங்க. போலி கேஸ் இருந்தா தாராளமா எதிர்த்துப் போராடுங்க, நாங்களும் கூட நிக்கிறோம். ஆனா நிறுத்தி வைக்கிற 24,19,200-க்கு 7.5 சதவீதம் வட்டின்னு வச்சாலே வருஷத்துக்கு 1,81,440. அந்த வட்டி யார் வீட்டுப் பணம்? இன்சூரன்ஸ் எடுக்காம பஸ் ஓட்ட அரசுக்கும் அரசுக் கழகங்களுக்கும் 146-வது பிரிவு விலக்கு வாங்க வழி கொடுக்குது. அதுக்கான நிபந்தனையே இழப்பீட்டுக்குத் தனி நிதி வைக்கணும்ங்கிறதுதான். நிதி ஒழுங்கா இருந்தா அமீனாவுக்கு பஸ் ஸ்டாண்டுல என்ன வேலை?

இதுல இன்னொரு கொடுமை. மேல்முறையீடு இழுக்க இழுக்க, கந்து வட்டிக்கு வாங்கி ஆஸ்பத்திரி செலவு பார்த்த குடும்பம் தளர்ந்துடும். அப்போ லோக் அதாலத்துல "குறைச்சுக்கிட்டு இன்னிக்கே முடிச்சுக்கலாமே"ன்னு பேச்சு வரும். தோழர்களே, அங்க கையெழுத்துப் போட்டா அப்புறம் மேல்முறையீடே கிடையாது. சமரசம் தப்புன்னு சொல்லலை. உங்க கணக்கு எவ்வளவுன்னு தெரியாம பேனாவைத் தொடாதீங்க. தீர்ப்புத் தொகை குறைவுன்னு தோணுச்சுன்னா 90 நாளுக்குள்ள நீங்களும் மேல்முறையீடு போகலாம், அந்த உரிமை கழகத்துக்கு மட்டும் சொந்தமில்லை. நாள் தாண்டிட்டாலும் சரியான காரணம் காட்டினா கோர்ட்டு ஏத்துக்கலாம்.

அரசுக்கு நம்ம கோரிக்கை ஒண்ணே ஒண்ணு. மேல்முறையீட்டு மனுவுல "எங்க கணக்குப்படி இவ்வளவுதான் தரணும்"னு எழுதுறீங்களே, அந்தத் தொகையை முதல்ல பாதிக்கப்பட்டவர் வங்கிக் கணக்குல போட்டுட்டு அப்புறம் சென்னைக்கோ மதுரைக்கோ போங்க.

உங்க தெருவுல இப்படி இழுத்தடிக்கப்படுற குடும்பம் இருந்தா, தீர்ப்பு நகலோட நம்ம மாவட்ட வழக்கறிஞர் அணியைப் பார்க்கச் சொல்லுங்க. நகலை மட்டும் கொடுங்க, ஒரிஜினலை யார் கேட்டாலும் கொடுக்காதீங்க.

#தகராறில்லாத_பணத்தைக்_கொடு