நம்ம ஊர் மலை வெடிக்குமா?

திருத்தணி முருகனைப் பார்க்க 365 படி ஏறுபவர்கள், சுற்றிலும் தெரியும் மலைகளைப் பார்த்து, 'இதெல்லாம் எரிமலையா?' என்று கேட்கும் குட்டிகளுக்குத் தைரியமாக 'இல்லை' என்று சொல்லலாம். ஆந்திர எல்லையில் நிற்கும் நகரி மலைகள், 100 கோடி ஆண்டுகளுக்கும் முன்பு படிந்த மணல், இறுகிப் பாறையானவை.

இந்தியாவின் மிக உயரமான சிகரமான கஞ்சன்ஜங்காவும் (8,586 மீட்டர்) எரிமலை அல்ல. இரு நிலத்தட்டுகள் மோதியதில் மேலெழுந்தது இமயமலை. ஆனால், மகாராஷ்டிராவின் உயரமான சிகரமான கல்சுபாய் (1,646 மீட்டர்) வேறு ரகம். சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வழிந்த எரிமலைக் குழம்பு, அடுக்கடுக்காக உறைந்து உருவான மலை அது. இப்போது அங்கே நெருப்பு இல்லை.

அப்படியானால் உயிரோடு இருக்கும் எரிமலை? இந்தியாவில் ஒன்றே ஒன்றுதான். அந்தமானில் போர்ட் பிளேருக்கு (இப்போது ஸ்ரீ விஜயபுரம்) வடகிழக்கே சுமார் 140 கி.மீ. தொலைவில் உள்ள பேரன் தீவு. மனிதர்கள் வசிக்காத இடம். 1787-ல் வெடித்ததாகப் பதிவு உண்டு. நீண்ட காலம் தூங்கிவிட்டு 1991-ல் விழித்தது. 2025 செப்டம்பரிலும் லேசாகச் சீறியது.

அங்கே சீறினால் நமக்கென்ன? சிறு வெடிப்புகளால் நம் கரைக்கு ஆபத்தில்லை. ஆனால், அந்த எரிமலைக்குக் காரணம், இந்தியத் தட்டு பக்கத்துத் தட்டுக்குக் கீழே நுழைவது. அதே நீண்ட விளிம்பில்தான் 2004 டிசம்பர் 26-ல் 9.1 அளவு நிலநடுக்கம் வந்தது. சுமார் இரண்டு மணி நேரத்தில் சுனாமி தமிழகக் கரையைத் தொட்டது. கும்மிடிப்பூண்டிக்குப் பக்கத்துப் பழவேற்காடும் அதற்குத் தப்பவில்லை.

அன்று எச்சரிக்க ஆளில்லை. இன்று ஐதராபாத்தில் 2007 முதல் சுனாமி எச்சரிக்கை மையம் இயங்குகிறது. அதோடு, கரையோரம் வசிப்பவர்கள் மறக்கக்கூடாதவை மூன்று:

* கடல் திடீரென உள்வாங்கினால் வேடிக்கை பார்க்கவோ, மீன் பொறுக்கவோ இறங்காதீர்கள். உடனே கரையை விட்டு விலகி, மேடான இடத்துக்குப் போங்கள்.
* நிலம் பலமாக அதிர்ந்தால், அறிவிப்புக்காகக் காத்திருக்க வேண்டாம்.
* முதல் அலை திரும்பியதும் வீட்டுக்கு ஓடாதீர்கள். அடுத்த அலை அதைவிடப் பெரிதாக வரலாம்.

வீட்டுக் குழந்தைகளுக்கும் இந்த மூன்றையும் இன்றே சொல்லிவையுங்கள்!