பேர் நம்முடையது, பிழை யாருடையது?

"தோட்டத்து ஆட்களுக்குத் தங்கள் பேரையே ஒழுங்காகச் சொல்லத் தெரியாது." சேமலாப நிதிக்கு அலையும்போதும், பிள்ளையின் அடையாள அட்டைக்குப் படிவம் கொடுக்கும்போதும் நாம் கேட்டுக் கேட்டுப் பழகிவிட்ட பேச்சு இது. கேட்டுவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டு லயத்துக்குத் திரும்பிவிடுகிறோம். இனி அப்படித் திரும்பக் கூடாது. இந்தப் பேச்சுக்குப் பதில் சொல்ல வேண்டிய காலம் வந்துவிட்டது.

நம் பேர் நமக்கு நன்றாகத் தெரியும். அதை எழுதிய பேனா ஒருநாளும் நம் கையில் இருந்ததில்லை.

தோட்டத்தில் ஒரு நாள் வேலைக்கே 'பேர்' என்றுதான் பெயர். கொழுந்து நிறை காணாவிட்டால் 'அரைப்பேர்'. செக்ரோலில் பேருக்கு நேரே குறி விழுந்தால்தான் அன்றைய சம்பளம். இப்படிப் பேரையே கூலிக்கு அளவாக்கி வைத்த நிர்வாகங்கள், அந்தப் பேரைச் சரியாக எழுதுவதில் மட்டும் அக்கறை காட்டவில்லை. நம் முன்னோர் கங்காணியின் கடன் கணக்கில் ஒரு வரியாக வந்தார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தோட்டத்தைக் குறிக்கும் எழுத்தும் எண்ணும் பொறித்த தகரத் துண்டைக் கொடுத்து அவர்களை இங்கே அனுப்பினார்கள். ஆளைத் தோட்டத்தில் கொண்டுபோய்ச் சேர்க்க அந்த எண் போதுமானதாக இருந்தது. பேரைப் பற்றி யார் கவலைப்பட்டார்கள்?

ஆனால் அந்தப் பேர்களில் ஒரு வரலாறே இருக்கிறது. முனியாண்டி, கருப்பையா, மாரியாயி, காளியம்மா, பழனியாண்டி, அங்கம்மா: இவையெல்லாம் கடல் தாண்டி வந்தவர்கள் தங்கள் குலசாமியைக் கூடவே கொண்டுவந்ததற்குச் சாட்சி. பெரியசாமி, சின்னையா என்ற பேர்கள் வீட்டில் எத்தனையாவது பிள்ளை என்று சொல்லும். பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்துபோன வீட்டில், இதையாவது விட்டுவை என்று எமனிடம் கெஞ்சுவதுபோல வைத்த பேர்கள் பிச்சை, குப்பம்மா, குப்புசாமி. அந்தப் பேர்களைக் கேட்டுச் சிரிக்கிறவர்கள் அவற்றுக்குப் பின்னால் எத்தனை குழிகள் வெட்டப்பட்டன என்று நினைத்துப் பார்க்கட்டும்.

பிழை எங்கே நுழைகிறது? தமிழில் 'ப' ஒரே எழுத்து. சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் அதற்கு வல்லோசைக்கு ஒன்று, மெல்லோசைக்கு ஒன்று என்று இரண்டு எழுத்துகள். 'க', 'த' எழுத்துகளுக்கும் இதே கதைதான். ஆகவே பாக்கியம் என்ற ஒரு பெண்ணின் பேர் பிறப்புச் சான்றிதழில் ஒரு எழுத்திலும் அடையாள அட்டையில் வேறு எழுத்திலும் தொடங்கும். சிங்களத்தில் 'ழ' கிடையாது. மலர்விழியும் கனிமொழியும் ஆபிஸுக்கு ஆபிஸ் வேறு வேறு ஆட்களாகிவிடுகிறார்கள். லெட்சுமியை ஒருவர் லட்சுமி என்பார், இன்னொருவர் இலக்குமி என்பார்.

அடுத்தது, முதலெழுத்து. நமக்குக் குடும்பப் பேர் கிடையாது; தகப்பன் பேரின் முதலெழுத்தைத்தான் முன்னால் போடுகிறோம். கலியாணம் முடிந்ததும் பெண்ணுக்குச் செக்ரோலில் புருஷன் பேரின் எழுத்தைப் போட்டுவிடுகிறார்கள். பிறப்புச் சான்றிதழிலோ தகப்பன் எழுத்து. முப்பது வருடம் மலையேறிக் கொழுந்து பறித்தவளிடம் கடைசியில், "இந்த இரண்டு பேரும் நீதானா?" என்று கேட்கிறார்கள்.

குடும்பப் பேர் இல்லாதது நம் குறையா? ஐஸ்லாந்தில் இன்றும் பெரும்பாலானோருக்குக் குடும்பப் பேர் இல்லை; தகப்பன் பேரோடு மகன், மகள் என்று சேர்த்துக்கொள்வார்கள். அங்கே தொலைபேசிப் புத்தகத்தைக்கூட ஆளின் சொந்தப் பேர் வரிசையில்தான் அச்சிட்டார்கள். பர்மியர்களுக்கும் பரம்பரைக் குடும்பப் பேர் கிடையாது. அங்கெல்லாம் மக்களின் வழக்கத்துக்கு ஏற்ப ஆபிஸ் நடக்கிறது. இங்கே ஆபிஸின் வசதிக்கு ஏற்ப நாம் நடக்க வேண்டும் என்கிறார்கள்.

தோட்டக்காரனின் பேனா என்ன செய்யும் என்பதற்கு நம் உறவுகளே சாட்சி. 1850களில் புதுச்சேரி, காரைக்கால் பக்கத்திலிருந்து கரும்புத் தோட்டங்களுக்காக மார்தினிக், குவாதலூப் தீவுகளுக்குத் தமிழர்களைக் கொண்டுபோனார்கள். பிரெஞ்சுக்காரன் காதில் விழுந்தபடி எழுதிய முத்துசாமி, அங்கே இன்று 'மூதுசாமி' என்ற குடும்பப் பேர். 1860 முதல் நேட்டாலுக்குப் போனவர்களில் நாயுடு என்றிருந்தவர்கள் தென்னாபிரிக்காவில் 'நைடூ' ஆனார்கள். அந்த வம்சத்துப் பிள்ளைகள் இன்று தங்கள் வேரைத் தேடும்போது, எழுத்தர் ஒருவரின் அவசரத்தைத்தான் முதலில் தாண்ட வேண்டியிருக்கிறது.

இங்கே நமக்கு நடந்தது அதைவிடப் பெரிய கொடுமை. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கச் சட்டம் நம்மை நாடற்றவர்களாக்கியது. 1949இல் வந்த இந்திய, பாகிஸ்தானியர் குடியுரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்தவர்கள் இத்தனை வருடம் இடைவிடாமல் இங்கே வாழ்ந்தோம் என்று காகிதத்தில் நிரூபிக்க வேண்டியிருந்தது. எழுதப் படிக்க வாய்ப்புத் தராமல் வைத்திருந்த மக்களிடம் காகிதத்தைக் கேட்டார்கள். விண்ணப்பித்தவர்களில் பெரும்பான்மையோர் நிராகரிக்கப்பட்டார்கள். காகிதத்துக்குக் காகிதம் இருந்த சின்னச் சின்ன முரண்பாடுகளும் அதற்குப் போதுமான காரணமாயின. 1964இன் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று தலையெண்ணிப் பங்கு போட்டது. மிச்சம் இருந்தவர்களுக்கு வழி திறக்க 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வரை காத்திருந்தோம். ஆகவே, "ஒரு எழுத்துத்தானே, இதில் என்ன இருக்கிறது?" என்று நம்மிடம் யாரும் கேட்க வேண்டாம். ஒரு எழுத்தின் விலை நமக்குத் தெரியும்.

இன்றைய விலையையும் சொல்லுவோம். ஊழியர் சேமலாப நிதிக்கு நம் சம்பளத்தில் 8 வீதம் பிடிக்கிறார்கள், கம்பனி 12 வீதம் போட வேண்டும். நம்பிக்கை நிதியத்துக்கு மேலும் 3 வீதம். பணத்தைப் பிடித்த காலமெல்லாம் யாரும் பேரில் பிழை பார்க்கவில்லை. பெண்ணுக்கு 50 வயதிலும் ஆணுக்கு 55 வயதிலும் பணத்தைத் திருப்பிக் கேட்கும்போதுதான் பிழை கண்ணில் படுகிறது! அதன் பிறகு சமாதான நீதவானிடம் சத்தியக்கடதாசி, கிராம உத்தியோகத்தர் கடிதம், பிரதேச செயலகம், தொழில் திணைக்களம் என்று அலைச்சல். போகும் ஒவ்வொரு நாளும் ஒரு பேர் போச்சு. பஸ் செலவு தனி. பிழை செய்தவருக்கு ஒரு சதம் நட்டமில்லை.

தோட்டத்தில் நிகழும் பிறப்பைத் தோட்ட நிர்வாகம் பதிவாளருக்கு அறிவிக்கும் ஏற்பாடு சட்டத்தில் நெடுங்காலமாக இருந்து வந்தது. செக்ரோல் எழுதியதும் நிர்வாகமே. சேமலாப நிதிப் பட்டியலை அனுப்பியதும் நிர்வாகமே. எழுதும் அதிகாரம் முழுவதையும் வைத்திருந்தவர்கள் பிழையை மட்டும் நம் தலையில் கட்டுவது என்ன நியாயம்?

ஆகவே நாம் கேட்பது இவைதான். தோட்ட ஆபிஸின் பதிவால் வந்த பேர் முரண்பாட்டுக்கு, இருவரும் ஒருவரே என்ற உறுதிக் கடிதத்தை நிர்வாகமே தாமதமின்றித் தர வேண்டும். திருத்தத்துக்காக ஆபிஸ் ஏறும் நாளுக்கு முழுப்பேர் போட வேண்டும். பிரதேச செயலகமும் தொழில் திணைக்களமும் தோட்டத்துக்கே வந்து நடமாடும் சேவை நடத்த வேண்டும். 1987இன் 13ஆவது திருத்தத்தோடு தமிழும் அரசகரும மொழி. அதனால் நம் பேரைத் தமிழில் எழுதத் தெரிந்த உத்தியோகத்தர் அந்த மேசையில் இருப்பது சலுகையல்ல, உரிமை.

நம் வீட்டுக்குள்ளும் ஒரு வார்த்தை. மூன்றாவது பெண் பிறந்தால் 'போதும்பொண்ணு' என்று பேர் வைத்த வழக்கம் நம்முடையது. அந்தப் பிழையை எந்தக் கிளாக்கரும் செய்யவில்லை. பிள்ளைக்கு வைக்கும் பேர் அது வாழ்நாளெல்லாம் தலைநிமிர்ந்து சொல்லும் பேராக இருக்கட்டும். பிறந்து 42 நாட்களுக்குள் பதிந்துவிடுங்கள். மூன்று மாதம் கடந்தால் காலங்கடந்த பதிவு என்று வேலை கூடும். தாய், தகப்பன் பேரை அடையாள அட்டையில் உள்ளபடியே ஒரு காகிதத்தில் எழுதிக் கொண்டுபோங்கள். கையெழுத்துப் போடும் முன் படித்துக் காட்டச் சொல்லிக் கேளுங்கள். பள்ளிக்கூடம் போகும் நம் பிள்ளையையே பக்கத்தில் நிறுத்திப் படிக்கச் சொல்லுங்கள். அவசரப்படுத்தினால், "பொறுங்கள், என் பேர்" என்று சொல்லுங்கள்.

இந்த மாதம் ஒவ்வொரு வீட்டிலும் பிறப்புச் சான்றிதழ், விவாகச் சான்றிதழ், அடையாள அட்டை, சம்பளச் சீட்டு நான்கையும் ஒன்றாக வைத்துப் பாருங்கள். ஒரு எழுத்து மாறியிருந்தாலும் தோட்டத் தலைவரிடமோ மாதர் தலைவியிடமோ கொடுங்கள். ஒவ்வொருவராகப் போய்க் கெஞ்சியது போதும். டிவிசன் டிவிசனாகப் பட்டியல் எடுத்து, எல்லாப் பேரையும் ஒரே கடதாசியில் நிர்வாகத்தின் மேசையில் வைப்போம்.