திரையில் நின்ற பெயரிலார்

திரைப்படம் என்றதும் நட்சத்திரங்களின் பெயர்களே நம் நாவில் வந்து நிற்கின்றன. ஆயின் 1895 டிசம்பர் 28ஆம் நாள், பாரிசிலே லூமியே சகோதரர் கட்டணம் பெற்றுக் காட்டிய படங்களுள் முதலாவதில் நடிகர் எவரும் இலர். லியோன் நகரிலிருந்த அவர்தம் தொழிற்சாலை வாயிலால் வேலையாட்கள் வெளியேறும் காட்சியே அது. ஒரு நிமிடமும் நீடியாத அப்படத்தில் தோன்றுவோருட் பெரும்பாலோர் பெண்கள். அக்காட்சி மும்முறை எடுக்கப்பட்டது. அம்மூன்றையும் ஆய்வாளர் எங்ஙனம் பிரித்தறிகின்றனர் தெரியுமா? ஒரு குதிரை வருவது, இரு குதிரை வருவது, குதிரையே வாராதது என்று! குதிரைக்குக் கிடைத்த கணக்கு அப்பெண்களுக்குக் கிடைத்திலது.

நம் நாட்டுக்கு வருவோம். 1934இல் பசில் றைற் என்னும் ஆங்கிலேயர், இலங்கைத் தேயிலைப் பிரசார சபைக்காக ‘சோங் ஒஃப் சிலோன்’ என்ற விவரணப்படத்தை ஆக்கினார். அதில் ஒலிக்கும் குரல் லயனல் வெண்ட் அவர்களுடையது. அவர் படிக்கும் வாசகங்களோ, றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தவை. அந்த நொக்ஸ் எங்களுக்கு அந்நியர் அல்லர். திருகோணமலைத் துறைமுகத்துக்குத் தெற்கேயுள்ள கொட்டியாரக் குடாவில், 1660இல், கண்டி மன்னனின் ஆட்களிடம் சிறைப்பட்ட மாலுமி அவர். மூதூர்ப் பிள்ளைகளும் அவர் கதை சொல்வர்.

எடுத்தவர்க்குப் பெயர் உண்டு. படித்தவர்க்குப் பெயர் உண்டு. எங்கள் கரையிற் பிடிபட்டவர்க்கும் பெயர் உண்டு. தென்னையில் ஏறியவர் யார்? கொழுந்து கொய்த பெண்கள் யாவர்? படத்தின் பெயர்ப்பட்டியலில் அவர்க்கு இடமில்லை. அவ்வுழைப்பைக் காட்டித் தேயிலைக்கு விளம்பரம் தேடிப் பதினான்கு ஆண்டுகள் கழிந்தபின், 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மலையகத் தமிழருட் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. படத்திலும் பெயரில்லை, பதிவேட்டிலும் பெயரில்லை என்றாயிற்று.

“தொழிலாளர் பெயரைத் தேடுவது இலக்கியக்காரர் வேலையா?” என்று நண்பர் சிலர் கேட்பர். இலக்கியக்காரர் வேலையே என்பது என் துணிபு. குறுந்தொகையில் புலவர் பெயர் கிட்டாத இடங்களில் நம் முன்னோர் என் செய்தனர்? பாட்டிலுள்ள தொடரையே பெயராக்கினர். செம்புலப் பெயனீரார், அணிலாடு முன்றிலார் என்போர் அவ்வாறு பெயர் பெற்றவரே. பெயர் தெரியவில்லை என்று அவர்களைப் புறத்தே தள்ளினாரில்லை.

மலையகப் பாடசாலை ஆசிரியர்கள் இப்படத்தைத் தம் ஊர் முதியோர்க்குப் போட்டுக் காட்டுதல் வேண்டும். அன்று கொழுந்து கொய்தோரின் பேரப்பிள்ளைகள் இன்றும் தோட்டங்களில் உளர். “இது எங்கள் அம்மாயி” என்று ஒருவர் ஒரு முகத்தையேனும் சுட்டுவாராயின், பெயரையும் தோட்டத்தையும் மாணாக்கர் உடனே எழுதிக்கொள்ளட்டும். எவரும் அடையாளம் காணாத முகங்களுக்குப் பழையோர் வழி இருக்கிறது: கொழுந்துகொய் விரலார், தெங்கேறு தாளார். பாடத்திட்டத்தில் இதற்கு இடமில்லை என்பார் உளரேல், மாலை வகுப்பிற் செய்யலாம்.