அணு மின்சாரத்தின் கணக்கைச் சுரங்கத்திலிருந்து எழுதுவோம்



பள்ளி அறிவியல் கண்காட்சிகளில் அணு மின் நிலையத்தின் மாதிரி ஒன்றேனும் இல்லாமல் இராது. அட்டையில் ஓர் உலை, நீராவிக் குழாய், டர்பைன், ஜெனரேட்டர், கடைசியில் மினுக்கும் ஒரு சிறிய பல்பு. பக்கத்தில் நிற்கும் மாணவர், "ஒரு பிடி யுரேனியம், வண்டி வண்டியான நிலக்கரிக்குச் சமம்" என்று விளக்குவார். அவர் சொல்வது உண்மைதான். ஆனால் அந்தப் பிடி யுரேனியம் எங்கிருந்து, எப்படி வந்தது என்பதைக் காட்ட அந்த மாதிரியில் இடம் இராது. நடுவில் தொடங்கிய கணக்கின் விடை எப்படிச் சரியாக வரும்? அணு மின்சாரம் வேண்டுமா, வேண்டாமா என்று வாதிடுவதற்கு முன்னால், அதன் வரவு செலவைச் சுரங்க வாயிலிலிருந்தே எழுத வேண்டும் என்பதுதான் இக்கட்டுரையில் நாம் வற்புறுத்தும் கருத்து.

நமக்கு அருகிலுள்ள கல்பாக்கத்தை எடுத்துக்கொள்வோம். அங்குள்ள சென்னை அணு மின் நிலையத்தின் முதல் உலையில் 1983-ஆம் ஆண்டிலும், இரண்டாவது உலையில் 1985-ஆம் ஆண்டிலும் அணுப் பிளவுத் தொடர்வினை தொடங்கியது. இவ்வகை உலைக்குள் செலுத்தப்படும் எரிபொருள் கட்டு ஒன்றின் நீளம் அரை மீட்டர்தான். 19 மெல்லிய உலோகக் குழாய்களைச் சேர்த்துக் கட்டிய அந்தக் கட்டில் சுமார் 13 கிலோ கிராம் யுரேனியம் இருக்கிறது. அது தன் பணியை முடித்து உலையை விட்டு வெளியே வருவதற்குள் ஏறத்தாழ 6 லட்சம் யூனிட் மின்சாரம் கிடைத்துவிடும். ஒரு யூனிட்டுக்கு 700 கிராம் நிலக்கரி என்று வைத்துக்கொண்டால், அதே மின்சாரத்துக்கு 420 டன் நிலக்கரி தேவை.

13 கிலோவுக்கு 26 டன்

கண்காட்சி மாணவர் இந்த இடத்தில் நிறுத்திவிடுவார். நாம் ஜார்க்கண்ட் மாநிலத்தின் கிழக்குச் சிங்பூம் மாவட்டத்திலுள்ள ஜாதுகுடாவுக்குப் போவோம். இந்தியாவின் முதல் யுரேனியச் சுரங்கம் அங்கேதான் தோண்டப்பட்டது. அதை நடத்தும் இந்திய யுரேனியக் கழகம் 1967-ஆம் ஆண்டில் நிறுவப்பட்டது. கனடாவின் சில சுரங்கங்களில் தாதுவில் 10 சதவீதத்துக்கு மேல் யுரேனியம் உண்டு. நம் பாறைகள் அவ்வளவு வளமானவை அல்ல. ஜாதுகுடாத் தாதுவில் யுரேனியத்தின் அளவு சுமார் 0.05 சதவீதமே. அதாவது 10,000 கிலோ பாறையில் 5 கிலோ. நம்முடைய 13 கிலோ கட்டுக்கு, சேதாரத்தைச் சேர்க்காமலே, 26 டன் பாறையைப் பூமிக்கடியிலிருந்து வெட்டி மேலே ஏற்ற வேண்டும்.

பாறை மேலே வந்ததும் என்ன நடக்கிறது? அதை உடைத்து, இரும்புக் குண்டுகள் உருளும் ஆலைகளில் மாவாக அரைக்கிறார்கள். அந்த மாவில் கந்தக அமிலமும் மாங்கனீஸ் டை ஆக்ஸைடும் சேர்த்துக் கலக்கும்போது யுரேனியம் கரைந்து நீருக்குள் வருகிறது. அந்தக் கரைசலிலிருந்து யுரேனியத்தை மட்டும் பிசின் மணிகளில் பிடித்து, பின்னர் மக்னீசியம் சேர்ந்த ஒரு மஞ்சள் உப்பாகப் படியவைக்கிறார்கள். 'எல்லோ கேக்' என்று தொழிலில் வழங்குவது இதுவே. இது ஐதராபாத்திலுள்ள அணு எரிபொருள் வளாகத்துக்குச் சென்று, மேலும் தூய்மையாக்கப்பட்டு, யுரேனியம் டை ஆக்ஸைடு தூளாகிறது. தூளைச் சிறு வில்லைகளாக அழுத்தி, சுமார் 1,700 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் சுட்டு, ஜிர்கோனியம் கலப்பு உலோகக் குழாய்களில் அடைக்கிறார்கள். கல்பாக்கத்துக்கு வரும் கட்டு இப்படித்தான் பிறக்கிறது.

எரிபொருளாக 13 கிலோ போய்விட்டது. மீதி 26 டன் மாவு எங்கே? மணல் போன்ற பருமனான பகுதியைச் சுரங்கத்தின் வெற்றிடங்களை நிரப்பத் திருப்பி அனுப்புகிறார்கள். சேறு போன்ற நுண்ணிய பகுதி, குன்றுகளுக்கு நடுவே அணையிட்டு அமைத்த கழிவுக் குட்டைக்குப் போகிறது.

குட்டையில் தங்குவது எது?

"யுரேனியத்தைத்தான் எடுத்துவிட்டார்களே, மீதி வெறும் சேறுதானே?" என்று நீங்கள் கேட்கலாம். இந்த இடத்தில்தான் பலர் ஏமாந்துபோகிறார்கள். காகிதமும் பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள். விடையை நீங்களே கண்டுபிடிக்கலாம்.

யுரேனியம்-238 சிதைந்து தோரியமாகிறது. அதுவும் சிதைகிறது. இப்படி ரேடியம், ரேடான், பொலோனியம் எனப் படிப்படியாக இறங்கி, கதிர் வீசாத ஈயத்தில் முடியும் முக்கியத் தொடரில், யுரேனியம்-238-ஐயும் சேர்த்து, கதிர் வீசும் உறுப்பினர்கள் 14 பேர். கோடிக்கணக்கான ஆண்டுகளாகக் கலையாமல் கிடக்கும் பாறையில் இந்த 14-ம் ஏறத்தாழ ஒரே அளவு கதிரியக்கம் உடையவை. வேதியியல் முறையில் நாம் பிரித்தெடுப்பது யுரேனியத்தை மட்டுமே. அதாவது யுரேனியம்-238, யுரேனியம்-234 ஆகிய இரண்டு. மீதி 12 பேரும் சேற்றிலேயே இருக்கிறார்கள். 14-இல் 12 என்பது சுமார் 86 சதவீதம்! அவர்களுள் இருவர் சில மாதங்களில் மறைந்துவிடுவார்கள். அப்போதும் 14-இல் 10 பங்கு, அதாவது 71 சதவீதம், குட்டையில் தங்கிவிடுகிறது.

எவ்வளவு காலத்துக்கு? ரேடியம்-226-இன் அரை ஆயுள் 1,600 ஆண்டுகள். அந்த ரேடியத்தை இடைவிடாமல் பிறப்பித்துக்கொண்டிருக்கும் தோரியம்-230-இன் அரை ஆயுள் சுமார் 75,000 ஆண்டுகள். ரேடியத்திலிருந்து வரும் ரேடான் ஒரு வாயு. அது காற்றில் கலந்து சுவாசத்தோடு உள்ளே போனால், அதன் சந்ததிகள் நுரையீரலில் ஒட்டிக்கொண்டு கதிர் வீசும். காற்றோட்டம் குறைந்த யுரேனியச் சுரங்கங்களில் வேலை செய்தவர்களிடையே நுரையீரல் புற்றுநோய் மிகுந்தது ஐயத்துக்கிடமின்றி நிறுவப்பட்ட உண்மை. அமெரிக்கா 1990-ஆம் ஆண்டில் அத்தகைய சுரங்கத் தொழிலாளருக்கு நஷ்டஈடு வழங்கத் தனிச் சட்டமே இயற்றியது.

1979-ஆம் ஆண்டு மார்ச் 28 அன்று அமெரிக்காவின் திரீ மைல் தீவு அணு உலையில் நேர்ந்த விபத்தை உலகமே அறியும். அதே ஆண்டு ஜூலை 16 அன்று, அதே நாட்டின் நியூ மெக்ஸிகோ மாநிலத்தில் சர்ச் ராக் என்னும் இடத்தில் யுரேனியக் கழிவுக் குட்டையின் அணை உடைந்தது. சுமார் 35 கோடி லிட்டர் அமில நீரும், 1,000 டன்னுக்கு மேற்பட்ட கழிவும் ஆற்றில் கலந்தன. அந்த ஆற்றின் கரையில் ஆடு மாடு மேய்த்து வாழ்ந்தவர்கள் நவஹோ பழங்குடி மக்கள். இந்த விபத்தை எத்தனை பேர் கேள்விப்பட்டிருப்பார்கள்? உலையில் நடந்தால் செய்தி. குட்டையில் நடந்தால் செய்தியில்லை!

ஜாதுகுடாவைச் சுற்றி வாழ்பவர்களும் பெரும்பாலும் சந்தால், ஹோ போன்ற பழங்குடியினரே. 2006-ஆம் ஆண்டு டிசம்பரில் அங்கே கழிவைக் கொண்டுசெல்லும் குழாய் ஒன்று வெடித்து, சேறு அருகிலிருந்த ஓடையில் பாய்ந்தது. தங்கள் ஊர்களில் நோய்களும் குறைப் பிறவிகளும் மிகுதி என்று அம்மக்களின் அமைப்புகள் நெடுங்காலமாகக் கூறிவருகின்றன. கதிரியக்கம் அனுமதிக்கப்பட்ட வரம்புக்குள்தான் உள்ளது என்று நிறுவனம் கூறிவருகிறது. இதற்குத் தீர்ப்புச் சொல்ல நாம் யார்? ஆனால் அறிவியல் மாணவர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். யுரேனியம் எடுக்கும் நிறுவனம் அணுசக்தித் துறையைச் சேர்ந்தது. அங்கே கதிரியக்கத்தை அளந்துவரும் ஆய்வகமும் அதே துறையின் பாபா அணு ஆராய்ச்சி மையத்தைச் சேர்ந்தது. தன் விடைத்தாளைத் தானே திருத்திக்கொள்ளும் மாணவன் நேர்மையானவனாகவே இருக்கலாம். இருந்தாலும் அந்த மதிப்பெண்ணை வகுப்பு நம்பாது.

செறிவூட்டினால் என்ன ஆகும்?

கல்பாக்கத்து உலைகள் இயற்கை யுரேனியத்தையே ஏற்பவை. அதில் எளிதில் பிளவுறும் யுரேனியம்-235 வெறும் 0.7 சதவீதம். நியூட்ரான்களை வீணாக விழுங்காத கனநீரைப் பயன்படுத்துவதால் அதுவே போதுமானது. கூடங்குளத்து உலைகள் சாதாரண நீரில் இயங்குவதால் செறிவூட்டிய யுரேனியம் தேவைப்படுகிறது. யுரேனியத்தை ஃப்ளோரினுடன் சேர்த்து வாயுவாக்கி, அதிவேகமாகச் சுழலும் உருளைகளில் செலுத்தினால், கனமான 238 விளிம்பை நோக்கிச் சற்றே அதிகமாக ஒதுங்கும். இரண்டு வகை மூலக்கூறுகளின் எடை வேறுபாடு 100-க்கு 1 பங்குகூட இல்லை. ஆகவே உருளையிலிருந்து உருளைக்குத் திரும்பத் திரும்பச் செலுத்த வேண்டியிருக்கிறது. 4 சதவீதம் செறிவுள்ள 1 கிலோவைப் பெறச் சுமார் 8 கிலோ இயற்கை யுரேனியம் தேவை. அந்த 1 கிலோ உலையில் பல மடங்கு அதிக வெப்பம் தரும் என்பது உண்மையே. ஆனால் எஞ்சிய 7 கிலோவும், அந்த 8 கிலோவுக்காக வெட்டிய பாறையின் கழிவும் ஏதோ ஒரு நாட்டில் கிடக்கின்றன. கூடங்குளத்து எரிபொருள் ரஷ்யாவிலிருந்து வருவதால் அந்தக் குட்டை நம் கண்ணில் படுவதில்லை. கண்ணில் படாதது கணக்கிலிருந்து நீங்கிவிடாது.

மறுபக்கத்தையும் நேர்மையாகச் சொல்லியாக வேண்டும். 26 டன் பாறையையும் சேர்த்துக்கொண்டாலும், 420 டன் நிலக்கரியுடன் ஒப்பிட்டால் அது சிறிதே. இந்திய நிலக்கரியில் சாம்பல் மிகுதி; அந்த 420 டன் எரிந்தால் 120 டன்னுக்கு மேல் சாம்பல் மிஞ்சும். புவியைச் சூடாக்கும் கரியமில வாயு வேறு. நிலக்கரிச் சுரங்கங்களிலும் உயிர்கள் போயிருக்கின்றன. ஆகவே முழுக் கணக்கு எழுதினால் அணு மின்சாரம் தோற்றுவிடும் என்று நாம் சொல்லவில்லை. அது வெல்லவும் கூடும். அப்படியானால் முழுக் கணக்குக்கு அஞ்சுவானேன்?

முழுக் கணக்கு என்றால் மூன்று செயல்கள் வேண்டும். முதலாவது, கழிவுக் குட்டைகளைச் சுற்றியுள்ள நீர், காற்று, மண் ஆகியவற்றின் கதிரியக்கத்தைத் துறைக்கு வெளியே உள்ள பல்கலைக்கழகங்களும் அளக்க வேண்டும். அளவுகளை அவ்வூர் மக்களின் மொழியில் வெளியிட வேண்டும். இரண்டாவது, சுரங்கம் மூடிய பின்னும் குட்டையைக் காக்கும் செலவை இன்றைய மின்சார விலையிலேயே சேர்த்து ஒரு நிதியில் போட வேண்டும். கிழக்கு ஜெர்மனியின் விஸ்முட் யுரேனியச் சுரங்கங்களில் அப்படி யாரும் ஒதுக்கிவைக்கவில்லை. 1990-இல் அவை நின்ற பிறகு, துப்புரவுக்காக ஜெர்மன் அரசு 600 கோடி யூரோவுக்கு மேல் செலவிட்டிருக்கிறது. மூன்றாவது, சுரங்கத் தொழிலாளரின் உடல்நலத்தை வேலையில் இருக்கும்போது மட்டுமின்றி, ஓய்வுபெற்ற பின்னும் கண்காணிக்க வேண்டும். நுரையீரல் புற்றுநோய் பல ஆண்டுகள் கழித்தே தலைகாட்டும்.

ஆந்திராவின் கடப்பாப் பகுதியிலுள்ள தும்மலபள்ளியில் 2012-ஆம் ஆண்டில் யுரேனிய உற்பத்தி தொடங்கியது. நாட்டில் அணு உலைகள் கூடக் கூடப் புதிய சுரங்கங்களும் வரும். அவற்றைப் பற்றி முடிவு செய்யும் பொறுப்பு நாளை உங்களிடம் வந்து சேரும். இப்போதைக்கு ஒன்று செய்யுங்கள். அடுத்த கண்காட்சிக்கு அணு மின் நிலைய மாதிரி செய்யும்போது, உலைக்கு இடப்பக்கம் இரண்டு அட்டைகளைக் கூடுதலாக ஒட்டுங்கள். ஒன்றில் '26 டன் பாறை' என்றும், மற்றொன்றில் 'கழிவுக் குட்டை: தோரியம்-230, அரை ஆயுள் 75,000 ஆண்டுகள்' என்றும் எழுதுங்கள். பார்க்க வருபவர் அதைச் சுட்டிக் கேள்வி கேட்டால், 14-இல் 12 என்ற கணக்கை அவருக்குப் போட்டுக் காட்டுங்கள்.