மன்னிக்கும் உரிமை எவருக்கு?

கலவரக் காலக் குற்றங்களை மன்னித்து மறந்தாலென்ன என்று கேட்போர் நம்மிடையே உளர். நல்லெண்ணத்தில் எழும் கேள்விதான். ஆயினும், விடை கூறுமுன் கண்டி மாநகரின் வரலாற்றைச் சற்றே நினைவுகூர்தல் வேண்டும்.

1915 மே 28 இல், வெசாக் இரவில், கண்டிப் பள்ளிவாசல் ஒன்றனருகே மூண்ட பூசல், சில நாட்களில் பல மாகாணங்களுக்கும் பரவியது. முஸ்லிம்களின் கடைகள் சூறையாடப்பட்டன, உயிர்கள் மாண்டன. ஆங்கில அரசு இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்துச் சிங்களரைச் சுட்டது, சிறையிலிட்டது. பின்னர், அதைச் செய்த அதிகாரிகளை வழக்கிலிருந்து காக்கவும் வழி செய்தது. சேர் பொன்னம்பலம் இராமநாதன் சட்டசபையில் சிங்களருக்காக வாதாடினார். போர்க்காலக் கடலைக் கடந்து இலண்டன் சென்று நீதி கேட்டார். அப்பணி பெரிது. ஆனால், உடைமையும் உறவும் இழந்த முஸ்லிம்களின் துயரை அவர் பேசவில்லை என்ற மனக்குறை நெடுங்காலம் நிலைத்தது. அக்குறை நியாயமானதே.

1977 ஓகஸ்டில் தமிழர் தாக்கப்பட்டனர். மலையகத் தோட்டங்களும் தப்பவில்லை. அம்மாதத்தில் அமைதி காக்கவென்று அமைச்சரும் அதிகாரிகளும் நல்லெண்ணத்துடன் செய்தவற்றுக்கு வழக்கில்லை என்றது 1982 ஆம் ஆண்டின் காப்புச் சட்டம். வழக்கு எழுமுன்னரே வாயிலை அடைப்பது மன்னிப்பாகுமா? 2018 மார்ச்சில், தாக்கப்பட்ட சிங்களச் சாரதி ஒருவரின் மரணத்தைத் தொடர்ந்து, திகனையிலும் தெல்தெனியாவிலும் முஸ்லிம்களின் வீடுகளும் கடைகளும் மீண்டும் எரிந்தன. தண்டனை பெறாத குற்றம் தலைமுறை கடந்தும் துணிவு பெறுகிறது அன்றோ?

மிருசுவிலில் எட்டுத் தமிழரைக் கொன்றமைக்காக மரண தண்டனை பெற்ற இராணுவத்தவர் 2020 இல் ஜனாதிபதி மன்னிப்பில் வெளிவந்தார். இறந்தோரின் உற்றாரை எவரும் கேட்டிலர். 2022 ஒக்டோபரில் தமிழ்க் கைதிகள் எண்மர் விடுதலையாயினர். அவருட் சிலர் சந்திரிகா குமாரதுங்கவைக் கொல்ல முயன்ற வழக்கில் தண்டனை பெற்றோர்; அவருடைய இசைவு பெறப்பட்டது. இவ்விரண்டுள் எது அறம் என்பதை வாசகரே தீர்ப்பாராக.

உண்மை மன்றில் வெளிப்படட்டும், இழப்பு ஈடு செய்யப்படட்டும், இழந்தவர் இசையட்டும். அதன்பின் வரும் கருணையை எவரும் மறுக்க மாட்டார். பல்லாண்டு சிறையில் வாடும் நம்மவருக்காகக் கருணை வேண்டும் நாமும், அவர்களால் துன்புற்றோரின் குரலுக்குச் செவிசாய்த்தல் வேண்டும். அயலானின் கண்ணீருக்கு ஒரு விதி, நம் கண்ணீருக்கு வேறு விதி என்றிருப்பின், நீதி கேட்கும் தகுதியை நாமே இழப்போம்.