நடுங்கும் கைகளுக்கு நியாயம் வேண்டும்

உழைப்பாளியின் சொத்து இரு கைகள். அந்தக் கைகளையே நடுங்க வைப்பது பார்க்கின்சன் நோய். மூளையில் சிறு பகுதியைச் சுட்டழித்தே முன்பு நடுக்கத்தை அடக்கினர். 1987-ல் பிரான்சின் கிரெனோபிள் பொது மருத்துவமனையில் டாக்டர் பெனாபிட், மூளையின் ஆழத்தில் மெல்லிய கம்பியைச் செலுத்தி, மின்துடிப்பாலேயே நடுக்கத்தை நிறுத்திக் காட்டினார். நோய் வேரறாது, ஆனால் கை வசப்படுகிறது. மார்பில் பதிக்கும் மின்கலம் தீர்ந்தாலோ, மீண்டும் கத்தி, மீண்டும் செலவு!

யார் சுமப்பது? பூச்சிமருந்தோடு உழலும் விவசாயிகளுக்கு வரும் இந்நோயைத் தொழில்நோய் என்று பிரெஞ்சு அரசு 2012-ல் ஏற்றது. எல்லா அரசுகளும் ஏற்கவேண்டும். இல்லையேல் விஷத்தை விற்றவன் லாபத்தோடு ஒதுங்குவான். தெளித்தவன் குடும்பம் கடனில் மூழ்கும். தோழர்களே! உழைப்பால் வந்த நோய்க்குச் சிகிச்சை தர்மமல்ல, உரிமை!