அலங்காரம் அன்று, கதை

நம் திரைப்பட விமர்சனங்களில் உடைக்கு ஒரு வரிக்குமேல் கிடைப்பதில்லை. 'ஆடை அலங்காரம்' என்ற சொல்லே நம்மைக் கெடுத்துவிட்டது என்பேன்.

ரிச்சர்ட் அட்டன்பரோவின் 'காந்தி' (1982) படத்தை எண்ணிப் பாருங்கள். தென்னாபிரிக்காவில் ரயிலிலிருந்து வெளியேற்றப்படும் இளம் வழக்கறிஞர் கோட்டும் டையும் அணிந்திருக்கிறார். இறுதியில் கதர்த் துணி மட்டுமே எஞ்சுகிறது. அந்த மனமாற்றத்தை வசனத்துக்கு முன்பே துணி சொல்லிவிடுகிறது. அப்படத்துக்காகப் பானு அத்தையா, ஜோன் மொல்லோவுடன் இணைந்து 1983இல் ஒஸ்கார் பெற்றார். இந்தியர் ஒருவர் பெற்ற முதல் ஒஸ்கார் நடிப்புக்கோ இசைக்கோ அன்று, உடைக்கே.

நாமோ, குடிசையில் வாழும் நாயகி கசங்காத புதுச்சேலையில் நடமாடினால் 'கண்ணுக்குக் குளிர்ச்சி' என்கிறோம். அது குளிர்ச்சியன்று, பொய். அதைப் பொய்யென்று எழுதாத விமர்சகனும் அதற்கு உடந்தையே. என்னையும் சேர்த்தே சொல்கிறேன்.